ஈர மூங்கிலில் தீ மூட்டத் தெரிந்தவன்

இந்தப் பிளாஸ்டிக் நாற்காலியில உக்காந்தா முட்டி மடங்கி மோவாயில இடிக்குது, எந்த மகராசன் செஞ்சானோ, சாவு வீட்டுக்கு வர்றவனெல்லாம் சின்னப் புள்ளைன்னு நெனச்சிட்டான் போல. காலையில எட்டரைக்கு வந்து உக்காந்தேன், இப்ப பத்து தாண்டியிருக்கும், வெயில் பந்தலுக்குள்ள நகந்து வந்து என் செருப்பத் தொட்டுருச்சு. உள்ள கூடத்துல பூங்காவனம் படுத்திருக்கா. இனிப்புநீர் வந்து ஒரு காலை எடுத்தும் நாலு வருசம் முக்காலியில உக்காந்தே சமைச்சுப் போட்டவ, நேத்து மத்தியானம் சாப்பிட்டுட்டுப் படுத்தவ எந்திரிக்கல. நல்ல சாவுதான். எனக்கெல்லாம் அப்படிக் கெடைக்காது, விடு. தலமாட்டுல வெளக்கு எரியுது, கழுத்துல தாலி, நெத்தியில அந்த அம்பது காசு அளவு பொட்டு. அந்தப் பொட்டுலதான் இப்ப சண்டை. கிளப்புனது மருதாயி, பூங்காவனத்தோட புருசன் அங்கமுத்துவுக்குத் தங்கச்சி. அறுவது வயசுலயும் அந்தத் தொண்டை குறையல, தெருவே கேக்குது. "எங்கண்ணன் சயாமுக்குப் போயி நாப்பத்திரண்டு வருசமாச்சு. ஒரு திதி உண்டா, ஒரு படையல் உண்டா? இவ பூவும் பொட்டுமா இருந்துட்டான்னு நாமளும் வாயப் பொத்திக்கிட்டு இருந்துட்டோம். செத்தவன் பொண்டாட்டிய சுமங்கலின்னு சோடிச்சு அனுப்பினா அது யாரு தலையில விடியும்?" அப்படின்னா. பொம்பளைங்க ரெண்டு கட்சியாயிட்டாளுங்க. ஒரு பக்கம் கூறப்புடவை எடுங்குது, ஒரு பக்கம் தாலிய அவுருங்குது. பூங்காவனத்து மகன் குணசீலன், பாவம், ஸ்கூல் பஸ் ஓட்டுற புள்ள, ரெண்டு பக்கமும் பாத்துட்டு வெளிய வந்து என் முன்னால நின்னான். "மாமா, அப்பாவோட சயாமுக்குப் போயி இந்தத் தோட்டத்துக்குத் திரும்பி வந்தது நீங்க ஒருத்தர்தான். இத்தனை வருசம் அம்மா முன்னால உங்களக் கேக்கல. இப்ப கேக்குறேன். அப்பா இருக்காரா, செத்துட்டாரா? உங்களுக்கு என்ன தெரியுமோ சொல்லுங்க. தெரியலன்னா அம்மா எப்படி இருந்தாங்களோ அப்படியே போகட்டும். செத்துட்டாருன்னா அத்தை சொல்றது மாதிரி செய்யட்டும். குளிப்பாட்டி முடிக்கிறதுக்குள்ள சொல்லிருங்க மாமா"ன்னான். நான் தலைய ஆட்டுனேன். எதுக்கு ஆட்டுனேன்னு எனக்கே தெரியல. அவன் விறகு லாரிக்காரன்கிட்ட பேசப் போயிட்டான்.

சொல்லிட வேண்டியதுதான சன்னாசி. என்னா பெரிய விசயம். தெரியாதுன்னு ஒரு வார்த்தை. நாப்பது வருசமா சொன்ன அதே வார்த்தை, நாக்குக்குப் பழகிப் போன வார்த்தை, இன்னைக்கு ஒருதரம் சொன்னா நாக்கு அழுகிப் போயிருமா? அவ பூவோட பொட்டோட போவா. எல்லாரும் நல்ல சாவுன்னு கன்னத்துல போட்டுக்குவாங்க. ஒண்ணரை மணிக்கு எல்லாம் முடிஞ்சிரும், நான் சுடுகாட்டுலருந்து பஸ்ஸ புடிச்சு லயத்துக்குப் போயி குளிச்சிட்டுப் படுத்துருவேன். ஆனா அந்தப் புள்ள. அப்பன் மூஞ்சி பாக்காத புள்ள. அமாவாசைக்கு அமாவாசை எல்லாரும் அப்பனுக்குப் படைக்கும்போது கோயில் வாசல்ல ஒதுங்கி நிக்கிறத நான் பாத்திருக்கேன், படைச்சா அம்மா மூஞ்சியில முழிக்க முடியாது, படைக்கலன்னா அப்பன். நாப்பது வருசமா அவன அப்படி நடுவுல நிக்க வச்சது யாரு? நாந்தான். சரி, செத்துட்டான்னு சொல்றேன்னு வையி. உங்களுக்கு எப்படி மாமா தெரியும்? பாத்தேன். பாத்தீங்கன்னா ஏன் இத்தனை வருசம் சொல்லல? அங்க நிக்குது பாரு, அந்த எடத்துல நிக்குது. அதுக்கு அங்கிட்டு ஒரு கேள்வி இருக்கு. எப்படிச் செத்தாரு மாமா. அந்தக் கேள்வி வந்துரும். வராம இருக்காது. பயமா இருக்கு எனக்கு. அறுவத்தி நாலு வயசுல, பொண்டாட்டி இல்ல புள்ள இல்ல, இழக்கிறதுக்கு ஒரு மயிரும் இல்லாதவனுக்கு என்னடா பயம்னா, இருக்கே.

"காப்பி குடிங்க சன்னாசி"ன்னு பக்கத்து வீட்டு ராயப்பன் கொண்டாந்து நீட்டுறான். நல்ல மனுசன், ஆனா வாய் சும்மா இருக்காது. "சவ வண்டி வந்தா நம்பரப் பாத்து வையுங்க, நாலு நம்பர் லாட்டரியில எடுக்கலாம், போன மாசம் முனியம்மா சாவுல எனக்கு அடிச்சுது"ங்கிறான். அட போய்யா. காப்பி சுடுது. சூடா எதையும் கையில வச்சிக்க மாட்டேன் நான், கீழ வச்சிடுறேன். அங்கமுத்து இருந்தா என்னா கிண்டல் பண்ணியிருப்பான், டே புகைவீட்டுக்காரா, உனக்கே சூடு தாங்கலியாடான்னு. அப்படித்தான் கூப்புடுவான். எங்க ரப்பர் தோட்டத்துல எல்லாரும் பால்மரம் சீவப் போவாங்க, நான் மட்டும் புகைவீடு. பால உறைய வச்சு ஷீட்டா உருட்டி, துணி காயப்போடுறது மாதிரி கம்புல தொங்கவிட்டு அடியில தீ போடணும். தீன்னா எரியக்கூடாது, அணையவும் கூடாது, நாலு நாளு புகைஞ்சிக்கிட்டே இருக்கணும். வெட்டுன பால்மரக் கட்டை, பச்சைக் கட்டை, மழையில நனைஞ்ச கட்டை, எதக் குடுத்தாலும் நான் பத்த வச்சிருவேன். பட்டைய உரிச்சிட்டு உள் நாரச் சொரண்டி எடுக்கணும், அத அக்குள்ள வச்சிக் காய வைக்கணும். பத்தொன்பது வயசுல ஆபீஸ் கணக்குப் பாக்குற பெரிய கிராணியே வந்து நின்னு பாத்துட்டு, இந்தப் பய கையில அக்கினி பகவான் இருக்கான்யான்னாரு. எனக்குத் தலைகால் புரியல அன்னிக்கு. கள்ளுக்கடையில அங்கமுத்து அத எல்லார்கிட்டயும் சொல்லிச் சொல்லி என் மானத்த வாங்கினான். பக்கத்துப் பக்கத்து காம்பரா எங்களது, நடுவுல ஒரு பலகைதான், அவன் கல்யாணம் முடிச்சப்புறம் அந்தப் பலகையத் தட்டித் தட்டிப் பேசுவான், மச்சான் தூங்கிட்டியா, மச்சான் நாளைக்குச் சம்பளமா, உள்ள பூங்காவனம் ச்சீ சும்மா கெடங்கன்னு சிரிக்கிறது கேக்கும். பத்தொன்பது வயசு அவளுக்கு. அண்ணே இந்த மனுசனக் கொஞ்சம் கண்டிச்சு வையுங்கண்ணேம்பா. நான் என்னத்த கண்டிக்கிறது, எனக்கும் அந்தப் பலகை தட்டுறது இல்லாட்டி தூக்கம் வராது.

ஜப்பான்காரன் வந்தான், வெள்ளைக்காரத் தொரை ஓடிட்டாரு, பால் வெட்டு நின்னுச்சு, சோத்துக்குப் பதிலா மரவள்ளிக்கெழங்கு. ஒரு நாளு லாரி வந்துச்சு. வீட்டுக்கு ஒரு ஆம்பளை, மூணே மாசம், சயாம்ல ரயில் ரோடு போடுற வேலை, அரிசி சோறு, துணி, எல்லாம் உண்டுன்னான். அங்கமுத்து காம்பராவுல அவன் ஒருத்தன்தான் ஆம்பளை. பூங்காவனத்துக்கு அப்ப நாலு மாசம். நான் ஒத்தைக் கட்டை, மறுநாள் லாரிக்கு நிறுத்தியிருந்தாங்க என்னை, நான் சொல்லி அவன் லாரிக்கு மாத்திக்கிட்டேன். சேந்தே போவோம் சேந்தே வருவோம்னு. வந்ததும் மருதாயிய உனக்குக் கட்டி வைக்கிறேன்டான்னான். அந்த மருதாயிதான் இப்ப உள்ள கத்துறா. கூட்ஸ் வண்டியில அடைச்சானுங்க, உக்கார எடமில்ல, அஞ்சு நாளு. அதச் சொல்ல வேணாம். அதெல்லாம் எல்லாரும் சொல்லிட்டாங்க, யுனிவர்சிட்டியில இருந்து ஒரு பொண்ணு டேப் எடுத்துக்கிட்டு வந்தாளே போன வருசம், அவகிட்ட அதெல்லாம் மணிக்கணக்கா சொன்னேன். வண்டியச் சொன்னேன், காட்டுக்குள்ள நடந்ததச் சொன்னேன், சங்கோல் மம்பட்டியால மண்ண வெட்டிக் கூடையில தூக்கிக் கொட்டுனதச் சொன்னேன், காலுல புண்ணு வந்து எலும்பு தெரிஞ்சவனப் பத்திச் சொன்னேன். அந்தப் பொண்ணு அழுதுச்சு. எனக்கு ஒண்ணுமே ஆகல, பிஸ்கட்ட நனைச்சு நனைச்சுத் தின்னுக்கிட்டே சொன்னேன். கூட்டாளிங்க யாராச்சும் இருந்தாங்களா தாத்தான்னு கேட்டா. அப்ப டேப்ப நிறுத்தும்மா, எனக்குத் தல சுத்துதுன்னுட்டேன்.

உறுமி அடிக்கிறவனுங்க வந்துட்டானுங்க. ஓரமா உக்காந்து தோலச் சூடு பண்ண பேப்பரக் கொளுத்துறானுங்க. பாக்காத சன்னாசி, அந்தப் பக்கம் திரும்பு. கை. கைய ஏன் தூக்குனேன், அதச் சொல்லு. நாப்பத்திரண்டு வருசமா ஒரே கேள்விதான், ஒரே எடத்துலதான் வந்து முட்டுது. சயாம் கேம்புல காலைப் பெரட்டு, ஆளு எண்ண வரிசையில நிக்கிறோம். விடாம மழை, ஒரு மாசமா மழை, ஆளு ஆளா வாந்திபேதியில போறான். ஜப்பான்காரன் ஏதோ கத்துறான், பக்கத்துல வேலை வாங்குற தண்டல், நம்மாளுதான், நாலு வார்த்தை அந்த பாஷை கத்துக்கிட்டவன், அவன் தமிழ்ல கேக்குறான். நனைஞ்ச மூங்கில்ல தீ மூட்டத் தெரிஞ்சவன் எவன்டா இங்க இருக்கான்? கேம்புல ஒண்ணு கேட்டா கையத் தூக்கக்கூடாதுன்னு மொத வாரத்துலயே எல்லாரும் கத்துக்கிட்டோம். ஆனா அங்கமுத்து முழங்கையால இடிக்கிறான். தூக்குடா, அடுப்படி வேலைடா, மழையில கஞ்சி காய்ச்ச முடியாம ஆளு தேடுறான், தூக்குடா புகைவீட்டுக்காரா, எனக்கும் ஒரு கை சோறு ஒதுக்குடா. அவன் இடிச்சதுனால தூக்குனேனா? இல்ல. அவன் இடிக்கலன்னாலும் தூக்கியிருப்பேன். அதான் உண்மை, அதான் என்னைக் கொல்லுது. தெரிஞ்சவன் எவன்டான்னு கேட்ட உடனே உள்ள ஒரு திமிர் கெளம்புச்சு, எனக்குத் தெரியும்டா, என்னை விட்டா எவனுக்குடா தெரியும்னு. எலும்பும் தோலுமா நிக்கிறவனுக்குத் திமிரப் பாரு. கை தானா மேல போச்சு. அடுப்படிக்குக் கூட்டிட்டுப் போகல. ஆத்துக்கு அங்கிட்டு பொணம் அடுக்கிக் கொளுத்துற எடத்துக்குக் கூட்டிட்டுப் போனானுங்க. ரெண்டு பங்கு சோறும் கருவாடும் குடுத்தானுங்க. தின்னேன். மொத நாளு வாந்தி எடுத்தேன், ரெண்டாம் நாளு தின்னேன். அங்கமுத்துவுக்கும் ஒரு பங்கு கொண்டாந்து குடுத்தேன், எங்கடா வேலைன்னான், அடுப்படிதான்டா, பெரிய அடுப்புன்னேன். சிரிச்சான்.

உள்ள தண்ணி ஊத்துற சத்தம் கேக்குது, குளிப்பாட்ட ஆரம்பிச்சிட்டாங்க. ஐயோ. கால் மணி நேரம் இருக்குமா? பொம்பளைங்க ஒப்பாரி எடுத்துட்டாங்க, மருதாயி குரல்தான் மேல நிக்குது, சண்டையும் அவதான் ஒப்பாரியும் அவதான். அவளக் கட்டியிருந்தா என் காதுக்கு ஓய்வே இருந்திருக்காது. கட்டியிருக்கலாம். திரும்பி வந்தப்ப அவளுக்குக் கல்யாணம் ஆகல, எனக்காகத்தான் இருந்தா, எல்லாருக்கும் தெரியும். அவ சோறு போட வந்து நின்னா, அந்த மூக்கு, அங்கமுத்து மூக்கு. வேணாம்னுட்டேன். ஏன் மச்சான்னா. ஒடம்பு சரியில்லன்னேன். ஒரு வருசம் பாத்துட்டு லாரி டிரைவரக் கட்டிக்கிட்டுப் போனா, அதுலருந்து என்னை ஏறெடுத்துப் பாக்குறதில்ல. எல்லாரும் நான் சயாம்ல ஆம்பளத்தனம் போயி வந்துட்டேன்னு பேசிக்கிட்டாங்க. பேசட்டும். புகைவீட்டுக்குத் திரும்பி வாடான்னு கிராணி கூப்ட்டாரு. மாட்டேன்னேன். புல்லு வெட்டுற வேலைக்குப் போனேன், ரிட்டைராகுற வரைக்கும் புல்லு வெட்டுனேன், நாப்பது வருசத்துல ஒரு தீக்குச்சி கிழிச்சதில்ல. சமையல் எப்படின்னு கேக்கலாம். பூங்காவனம்தான். ஒத்த ஆளா என்னண்ணே சமைச்சுத் திம்பீங்கன்னு தெனமும் ஒரு தட்டு மூடி வச்சிருவா, கால் போனப்புறமும். நான் அந்தக் கையால வாங்கித் தின்னேன். மானங்கெட்ட நாயே, தின்ன நீ, ஒரு நாளு விடாம தின்ன.

ஒரு நொடிதான். நாப்பத்தாறாம் வருசம் தோட்டத்து வாசல்ல லாரி நின்னுச்சு, நான் ஒருத்தன்தான் எறங்குனேன். அவ ஓடியாந்தா, இடுப்புல ரெண்டரை வயசுப் புள்ள, அதுக்கு அப்படியே அங்கமுத்து மூஞ்சி, நான் எங்க பாக்குறதுன்னு தெரியாம லாரி சக்கரத்தப் பாத்தேன். அவரு எங்கண்ணே? அப்ப நான் சொல்லியிருக்கணும். செத்துட்டான்மா காலரால. பாதி பொய்யா இருந்தாலும் அது சொல்லியிருக்கணும், அவ அழுது முடிச்சிருப்பா, இருபத்திரண்டு வயசு, நல்லவனா எவனாச்சும் கட்டிக்கிட்டிருப்பான். ஆனா செத்துட்டான்னு சொல்ல வாயத் தொறந்தேன், எப்படின்னு கேப்பாளேன்னு தோணுச்சு, வேற கேம்புக்கு மாத்திட்டாங்கம்மா, அப்புறம் நான் பாக்கலன்னு வந்துருச்சு. அப்ப வருவாருன்னு அவ சிரிச்சா. புள்ளைகிட்ட, அப்பா வருவாரு, மாமா சொல்றாருன்னா. அவ்வளவுதான். அந்தச் சிரிப்ப நாப்பது வருசம் வச்சிருந்தா. யாராச்சும் சயாம் பக்கம் போனா பேரு எழுதிக் குடுப்பா. அங்கயே ஒருத்தியச் சேத்துக்கிட்டு குடும்பமா இருப்பாருண்ணே, இருந்துட்டுப் போகட்டும், ஒடம்பு நல்லா இருந்தாச் சரின்னா ஒரு நாளு. ஒரு பொம்பள அப்படி ஒரு வார்த்தை சொல்லணும்னா ராத்திரியெல்லாம் என்னென்ன நெனச்சிருப்பா. அப்பக்கூட நான் சொல்லல. கொழம்பு நல்லாருக்கும்மான்னேன்.

சரி, அந்தக் குடிசைக்கு வா. சுத்திச் சுத்தி எங்கயோ போறியே, வா. காட்டு ஓரத்துல அத்தாப்புக் கூரை போட்ட கொட்டகை, காலரா வந்தவன் உள்ள போனா வெளிய வர்றதில்ல. அங்கமுத்து ரெண்டு நாளைக்கு முன்னால உள்ள போயிட்டான். ரெண்டு நாளுன்னா அதுல செத்திருப்பான், எல்லாரும் ஒரே நாள்ல செத்தாங்க, அவன் செத்திருப்பான்னு நான் முடிவு பண்ணிட்டேன். பொணத்த ஒவ்வொண்ணா தூக்க ஆளு இல்லாமப் போச்சு, தூக்குறவனும் செத்துட்டான். கொட்டகையோட கொளுத்துன்னு உத்தரவு. உள்ள அசையறவன் இருக்கானேன்னு நான் தண்டல்கிட்ட கேட்டேன். கேட்டேன், அத நான் கேட்டேன், யாரும் நான் கேக்கலன்னு சொல்ல முடியாது. நாளைக்கு அசைய மாட்டான், நீ கொளுத்தலன்னா உன்னையும் உள்ள தள்ளுவான்னான். மூங்கில உரிச்சேன், நாரச் சொரண்டுனேன், அக்குள்ள காய வச்சேன், மண்ணெண்ணெய் ஊத்துனேன், சுவரோரமா குனிஞ்சேன். சுவருன்னா மூங்கில் தட்டி, எடவெளி இருக்கும். அதுல ஒரு கை. அவன் கைன்னு எப்படித் தெரியும்? பால் வெட்டுற கத்தி கிழிச்ச தழும்பு, கட்டவெரல்லருந்து மணிக்கட்டு வரைக்கும், நான்தான் வேட்டியக் கிழிச்சுக் கட்டிவிட்டவன், தெரியாதா எனக்கு. அந்தக் கை அசைஞ்சுது. தீயிலயும் கை அசையும், சன்னாசி, நீயே எத்தனை பாத்திருக்க. நரம்பு இழுக்கும், செத்தவன் கையத் தூக்குவான், சில பேரு எந்திரிச்சே உக்காருவான், மொத நாளு அதப் பாத்துத்தான நீ வாந்தி எடுத்த. அப்ப அது தீயினால அசைஞ்சுது. தீக்கு அப்புறம்தான் அசைஞ்சுது. அப்படித்தான் இத்தனை வருசம் வச்சிக்கிட்டிருக்கேன். படுக்கும்போது அப்படி வச்சிட்டுப் படுப்பேன், காலையில எந்திரிச்சா அது தீக்கு முன்னாடி போயிருக்கும். மறுபடி எடுத்துப் பின்னாடி வைப்பேன். முன்னாடியா, பின்னாடியா? கை மட்டும் இல்லையே. கண்ணு இருந்துச்சே. எடவெளியில அவன் கண்ணு என்னைப் பாத்துச்சே. பாத்து, அடுப்படி எதுன்னு அவனுக்குப் புரிஞ்சிருச்சே. முன்னாடிதான். ஐயோ தெய்வமே, முன்னாடிதான். தெரிஞ்சுதான் வச்சேன். அவன இழுத்துப் போட்டிருக்கலாம், தட்டியப் பிச்சிருக்கலாம், அஞ்சு நிமிசத்துல ரெண்டு பேரையும் சுட்டிருப்பானுங்க, சேந்தே போவோம்னுதான சொன்னோம். எனக்கு உசிரு வேணும்னு இருந்துச்சு. இந்தப் பிளாஸ்டிக் நாற்காலியில உக்காந்து காப்பி ஆறுறதப் பாக்குற இந்த உசிருதான். நல்லா புடிச்சுது. ஒரே தீக்குச்சியில புடிச்சுது.

"மாமா." குணசீலன்தான். எப்ப வந்தான்னு தெரியல, என் நாற்காலிக்கு முன்னால குந்தி உக்காந்திருக்கான். தலையில துண்டு, நாப்பத்திரண்டு வயசு, தாடி நரைச்சிருக்கு. அவன் அப்பன் இருபத்தி நாலுல போனவன், இவன் அவனுக்கு அண்ணன் மாதிரி இருக்கான். அவனுக்குப் பின்னால மருதாயி, ஈரப் பொடவையோட, இடுப்புல கைய வச்சிக்கிட்டு. "குளிப்பாட்டி முடிஞ்சுது. சொல்லு மச்சான், எங்களுக்கு நிக்க நேரமில்ல"ங்கிறா. தெரியாதுன்னு சொல்லு சன்னாசி. சொல்லிட்டு எந்திரிச்சுப் போ. வாயத் தொறந்தேன். தொறந்தா வேற வருது. "செத்துட்டான்யா. நான் பாத்தேன். காலராக் கொட்டகையில கெடந்தான், கொட்டகையோட கொளுத்தச் சொன்னானுங்க, நான்தான்யா கொளுத்துனேன். அப்ப அவனுக்கு உசிரு இருந்துச்சு. தெரிஞ்சே வச்சேன்." அவ்வளவுதான் இருந்துச்சு. நாப்பத்திரண்டு வருசம் சொமந்தது நாலு வரி. உறுமிக்காரன் தட்டிப் பாத்துட்டு நிறுத்திட்டான். ராயப்பன் என் பக்கமே திரும்பல. அடிப்பான்னு நெனச்சேன், அடிச்சா நல்லாருக்கும்னு கன்னத்தக் காட்டிக்கிட்டுத்தான் இருந்தேன். குணசீலன் அடிக்கல. அவன் ரெண்டு கையும் தொடை மேல இருந்துச்சு, அப்படியே இருந்துச்சு.

மருதாயிதான் மொதல்ல அசைஞ்சா. நாய்க்குப் பொறந்தவனேன்னு காறித் துப்புவான்னு பாத்தேன். அவ மூக்கு துடிச்சுது, ஈர முந்தானையப் பிழிஞ்சு பிழிஞ்சு விட்டா. திரும்பி உள்ள போயிட்டா. அப்புறம் உள்ளருந்து அவ குரல் வருது, அந்தத் தொண்டையே இல்ல, யாரோ மாதிரி. "கூறப்புடவைய எடுங்கடி." "செத்துட்டாருன்னாராமே அக்கா?"ன்னு ஒருத்தி. "எடுங்கடின்னா. அவ புருசன அவதான்டி இத்தன வருசம் உசிரோட வச்சிருந்தா. அவ நெத்தியில கைய வைக்க நீ யாரு, நான் யாரு? பொட்டப் பெருசா வையுங்க." சொல்லிட்டு அழுதா. கூட மத்தவளுங்களும் அழுதாளுங்க.

குணசீலன் தரையப் பாத்துக்கிட்டே கேட்டான். "என்ன தேதி மாமா?" தேதியா? தேதிக்கு எங்கய்யா போவேன், அங்க ஏது காலண்டர், ஞாயித்துக்கெழமை ஏது திங்கக்கெழமை ஏது. "மாசமாச்சும் தெரியுமா? திதி குடுக்கணும் மாமா." ஆனியா ஆடியா, நான் தலையப் புடிச்சிக்கிட்டு யோசிக்கிறேன், ஒண்ணும் வரல, இத்தனை வருசம் ஒவ்வொரு மயிரிழையும் ஞாபகம் வச்சிருந்தவனுக்கு அந்தப் புள்ள கேட்ட ஒண்ணே ஒண்ணு தெரியல. "மழைய்யா. விடாம மழை. அது ஒண்ணுதான் தெரியும்"னேன். "சரி மாமா. அம்மா திதியிலயே அப்பாவுக்கும் சேத்துக் குடுத்துர்றேன்"னான். என்னை மன்னிச்சிட்டானா, இல்ல என்னைத் தாண்டிப் போயிட்டானா, புரியல எனக்கு. எந்திரிக்கப் போனவன் மறுபடி குந்துனான். நான் பயந்துக்கிட்டிருந்த கேள்வி எல்லாம் முடிஞ்சுபோச்சு, இனி இவன் என்னத்தக் கேக்கப் போறான். "கடைசியா உங்ககிட்ட ஏதாச்சும் சொன்னாரா மாமா? அம்மாவப் பத்தி, வயித்துல இருந்த என்னைப் பத்தி. ஏதாச்சும்?"

கையத்தான் நெனச்சேன் இத்தனை வருசம். கண்ண நெனச்சேன். தீயை முன்னாடி பின்னாடின்னு எடுத்து எடுத்து வச்சேன். அவன் வாய நான் நெனச்சதே இல்ல. அந்த எடவெளியில வாயும் இருந்துச்சு. ஒதடு வெடிச்சு, மச்சான்னு கூப்டுச்சு, அப்புறம் ஒண்ணு கேட்டுச்சு. இது எங்க இருந்துச்சு, யாரு ஒளிச்சு வச்சது இத? "உன்னைப் பத்தியெல்லாம் சொல்லலைய்யா. தண்ணி கேட்டான்." குணசீலன் நிமிந்து என்னைப் பாத்தான். "குடுத்தீங்களா?" "இல்லைய்யா." அவன் என் மூஞ்சியவே பாத்துக்கிட்டு இருந்தான், கோவமெல்லாம் இல்ல, வெளங்காத ஒண்ண வெளங்கிக்கப் பாக்குற மாதிரி. "மழைதான் பெஞ்சிக்கிட்டு இருந்துச்சுன்னீங்களே மாமா"ன்னான்.